ரெங்கம்மா பார்க்காத முகம்

ஹாலிஎலத் தேயிலைத் தொழிற்சாலையிலிருந்து ஓய்வு பெறும் பலகுரல் வேந்தர் திரு. பெ. வீரசிங்கம் அவர்களுக்குத் தோழர்கள் அளிக்கும் மடல்

கொழுந்து வாட்டும் மாடியில் வாழ்நாளின் பெரும்பகுதியைக் கழித்தும் முகம் வாடாத முதல்வரே! தொப்பிக்கொரு குரலும் குரலுக்கொரு நடையுமாகத் தோட்டம் தோட்டமாகச் சிரிப்பை விதைத்த செம்மலே! உங்களை வணங்கி வாழ்த்துகிறோம்.

பகலெல்லாம் கொழுந்தும் கையுமாக உழைத்தீர்கள். திருவிழா வந்தால் தொப்பிகள் அடுக்கிய தகரப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பூனாகலை வரைக்கும் போனீர்கள். தலைப்பாகை கட்டினால் கங்காணி, தொப்பி போட்டால் துரை. வெலிமடை பஸ் கண்டக்டராக நீங்கள் டிக்கட் கேட்டால் முன்வரிசையில் இருந்தவர்கள் மடியைத் தடவிப் பார்ப்பார்கள். திரைக்குப் பின்னால் நின்று தொப்பிகளை எடுத்துத் தந்தவர் உங்கள் துணைவியார் ரெங்கம்மா. ஊரே உங்கள் முகத்தைப் பார்த்துச் சிரிக்க, அவருக்குக் கிடைத்ததெல்லாம் உங்கள் முதுகுதான்.

தொலைக்காட்சி வந்த புதிதில், எண்பத்திரண்டாம் ஆண்டு, கொழும்பிலிருந்து உங்களை அழைத்தார்கள். சில நிமிட நிகழ்ச்சிதான். அங்கே தொப்பி எடுத்துத் தர வேறு ஆள் இருந்தார். படம் பிடித்து முடித்து நீங்கள் திரும்பி வந்தீர்கள். ஒளிபரப்பாகும் நாளில், பதுளைக் கடைக்காரர் பலீல் நானா இரவல் தந்த தொலைக்காட்சியைத் தோட்டத்துக் கிளப்பில் வைத்தோம். ரெங்கம்மா நேரத்தோடு வந்து உங்களுக்குப் பக்கத்தில், முன்னால் உட்கார்ந்தார். "இத்தன வருசமா முதுகையே பாத்துக்கிட்டு நின்னேன். இன்னைக்காவது மூஞ்சியப் பாக்குறேன்" என்றார்.

கலைஞர் மேடையில் தோன்றியதும் மடல் வாசித்து, அதன் பிறகே ஆட்டம் தொடங்குவது நம் தோட்டத்து வழக்கம். உங்கள் முகம் திரையில் தெரிந்ததோ இல்லையோ, தோட்டத்து ஆபீஸில் பெரிய கிளாக்கராக இருந்த, காலஞ்சென்ற இராமையா ஐயா வழக்கம் தவறாமல் எழுந்து, தொலைக்காட்சிக்கு முன்னால் நின்று மடலைப் பிரித்தார். நல்ல மனிதர், நல்ல அகலமான மனிதரும்கூட. மடல் முடியும் வரை தொலைக்காட்சி காத்திருக்கும் என்றே அவர் நம்பினார். பெரியவரை நோகடிக்க மனமில்லாமல் எவரும் வாய் திறக்கவில்லை, நீங்களும் திறக்கவில்லை. அவர் உட்கார்ந்தபோது திரையில் செய்தி ஓடிக்கொண்டிருந்தது.

"ஐயாவோட முதுகும் நல்லாத்தான் இருந்துச்சு" என்றார் ரெங்கம்மா. எல்லோரும் சிரித்தோம். அவரும் சிரித்தார், முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே.

அந்த நிகழ்ச்சியை மறுபடி காட்டவில்லை. மறு ஆண்டுக் கலவரத்துக்குப் பிறகு கொழும்பிலிருந்து அழைப்பும் வரவில்லை. போன மழைக்காலத்தில் ரெங்கம்மா போய்ச் சேர்ந்தார். அன்று பூட்டிய தகரப் பெட்டியை நீங்கள் இன்னும் திறக்கவில்லை. அது எங்கள் எல்லோருக்கும் துக்கமாக இருக்கிறது.

உழைத்து ஓய்ந்த உடல் உறுதி பெற்று, நோய்நொடி அண்டாமல் நீங்கள் நெடுங்காலம் வாழக் கதிர்காமக் கந்தனை வேண்டுகிறோம்.

மடல் இவ்வளவுதான். இதற்கு மேல் நீட்ட எங்களுக்குப் பயமாக இருக்கிறது. உங்கள் மகளிடம் கேட்டு வாங்கிய தகரப் பெட்டி மேடையில் இருக்கிறது. திறப்பதும் திறக்காததும் உங்கள் விருப்பம். முன்வரிசை நடுவில் ஒரு நாற்காலியை ரெங்கம்மாவுக்காக விட்டிருக்கிறோம். அதற்கு முன்னால் எவரும் நிற்க மாட்டோம். இதை வாசிக்கிறவரும் இதோ விலகி உட்காருகிறார்.

இங்ஙனம்,
உங்களோடு உழைத்த
தொழிற்சாலைத் தோழர்கள்
ஹாலிஎல, 1986