மாமாவின் பெட்டிக்கு மேலதிக விளையாட்டு

மின்ஹாஜ்: சவர்க்காரப் பெட்டி அளவு சாமான். இதுக்கா ஹெல்மட்டுக்குள்ள ஒளிச்சிக் கொண்டு வந்த?

ஃபாஹிம்: மெதுவாக் கதைடா மச்சான்.

மின்ஹாஜ்: ஆருக்குக் கேக்கப் போகுது? போன் திருத்துற கடையில நீயும் நானும்தான். சரி... என்ன வருத்தம் இதுக்கு, எங்க பழுது?

ஃபாஹிம்: வருத்தமொண்டும் இல்ல. பழைய காலத்து கேம் பெட்டி. டீவில குத்தி விளையாடுற. என்ட பொஞ்சாதி அஸ்ரியாட மூத்த நானா முஹ்ஸின் கத்தார்ல இருந்து அனுப்பின. உள்ள இருவது கேம் இரிக்கி. அதுக்கு மேல கூட்டிப் போடணும்.

மின்ஹாஜ்: கலியாணம் முடிச்சி அஞ்சு மாசம். பொஞ்சாதியோட கதைக்கிறத்த உட்டுட்டு ஒனக்கு கேமா?

ஃபாஹிம்: எனக்கில்லடா. மாமாக்கு.

மின்ஹாஜ்: ஆரு... சரீப் நானாக்கா? வெங்காயத் தோட்டத்து சரீப் நானா?

ஃபாஹிம்: ஓம்.

மின்ஹாஜ்: போன்ல பச்சை பட்டன அமத்துறதா, சிவப்பு பட்டன அமத்துறதாண்டு என்னட்ட வந்து கேட்ட மனிசன்டா அவர்.

ஃபாஹிம்: அது அப்ப. இப்ப ராவைக்கு இஷா தொழுதுட்டு வந்து, சோறு திண்டுட்டு, ரிமோட்டோட குந்தினாருண்டா எழும்ப மாட்டார்.

மின்ஹாஜ்: நீ போய்ப் படுக்கிறதுதானே.

ஃபாஹிம்: மாமா எழும்பாம மருமகன் எழும்ப ஏலுமா? அவர் கொட்டாவி விடுவார். நானும் விடுவன். ‘இன்னொண்டு போடுவமா மகன்’ம்பார். ‘போடுவம் மாமா’ம்பன். விடிய சுபஹு பாங்குக்கு முந்தி ஐஸ் பெக்டரியில நிக்கிற மனிசன் நான். நேத்து ஐஸ் கட்டியில சாஞ்சி அப்பிடியே தூங்கிட்டன்.

மின்ஹாஜ்: குளிரல்லயா?

ஃபாஹிம்: கனவும் கண்டன்.

மின்ஹாஜ்: ‘எனக்கு இது புடிக்காது மாமா’ண்டு ஒரு வார்த்தை சொன்னா முடிஞ்சி.

ஃபாஹிம்: மாமி தட்டில மூணாவது அகப்பைச் சோறு போடுறாங்க. அதையே வேணாண்டு சொல்ல ஏலாம திங்கிறன். புது மாப்பிள்ள போய் எதையடா வேணாண்டு சொல்லுற?

மின்ஹாஜ்: அதான் வயிறு முன்னால வந்து, நீ பொறகால வாற.

ஃபாஹிம்: வயித்த உடு. மறுகா... இந்தப் பெட்டி இல்லாட்டி எனக்கும் அவருக்கும் கதைக்க என்ன இரிக்கி? பெட்டி வாறத்துக்கு முந்தி ரெண்டு பேரும் ஃபேனப் பாத்துக்கிட்டு குந்தி இருந்த. அவர் ‘ஐஸ் விலை எப்பிடி’ண்டு கேப்பார். நான் ‘வெங்காயம் எப்பிடி’ண்டு கேப்பன். முடிஞ்சி. இப்பதான் ‘பாயுங்க மகன், பாயுங்க’ண்டு ஒரு சத்தம் வருது அந்த மனிசன்ட வாயில இருந்து.

மின்ஹாஜ்: சரி, கூட்டிப் போடச் சொல்லி அவரே கேட்டாரா?

ஃபாஹிம்: அவர் கேப்பாரா? வெக்கம். மாமிதான் குசினியில அடுப்படியில வெச்சி சொன்ன. ‘மாமாக்கு அந்த இருவதும் அலுத்துப் போச்சி மகன், மின்ஹாஜ்ட கடையில குடுத்துக் கூட்டிக் கொண்டு வாங்க, மாமாட்ட மூச்சி விட்டுராதீங்க’ண்டு. அவர் தோட்டத்தில இருந்து வாறத்துக்குள்ள திரும்ப டீவிக்குக் கீழ வெச்சிறணும். வயரும் கொண்டு வந்திரிக்கன். இந்தா.

மின்ஹாஜ்: இது சார்ஜ் வயர். இதால கரண்ட் மட்டும்தான் போகும், கேம் போகாது. அந்த மேசை லாச்சியில தடிச்ச கறுப்பு வயர் இரிக்கி, எடு.

ஃபாஹிம்: இதா?

மின்ஹாஜ்: ஓம். இனிக் கேளு. பெட்டிக்குள்ள இடம் கொஞ்சம். அதால கேமெல்லாத்தையும் ஒரு பென் டிரைவ்ல போட்டு, பெட்டிக்குப் பொறத்தால குத்தி உடுவம். ஆனா ‘பென் டிரைவையும் பாரு’ண்டு லெப்டொப்பால பெட்டிட மண்டைக்குள்ள ஏத்தணும். அது ஏறிக்கிட்டு இரிக்கக்குள்ள வயர ஆராச்சும் புடுங்கினா...

ஃபாஹிம்: புடுங்கினா?

மின்ஹாஜ்: உசிர் போய் மையத்து.

ஃபாஹிம்: ஆரு?

மின்ஹாஜ்: முதல்ல பெட்டி. வீட்டுக்குப் போன பொறகு நீ.

ஃபாஹிம்: கரண்ட் போனா?

மின்ஹாஜ்: லெப்டொப்ல பெட்டரி இரிக்கி. ஒரு யாசீன் ஓதுற நேரம் தாங்கும்.

ஃபாஹிம்: நான் இப்பயே ஓதத் தொடங்குறன்.

மின்ஹாஜ்: பொறு, உள்ள இரிக்கிறத்தக் கொப்பி எடுத்து வெக்கிறன்... ஓஹோ.

ஃபாஹிம்: என்ன ஓஹோ? என்னடா ஓஹோ?

மின்ஹாஜ்: விளையாட்டு எதுவரைக்கும் போச்சிண்டு பெட்டி சேவ் பண்ணி வெச்சிக்கொள்ளும். அந்த வாள்காரன் கேம்ல எட்டாவது கோட்டைக் கதவடிமட்டும் ஆரோ போயிரிக்கி. சின்ன வயசில நான் நாலாவது கோட்டையில அழுதுட்டு உட்டவன்டா. ஆரு இது, நீயா?

ஃபாஹிம்: நானா? எங்களுக்கு அதில முதலாம் பாலத்தையே தாண்ட ஏலா. ரெண்டு பேரும் மாறி மாறித் தண்ணியில விழுகிறம்.

மின்ஹாஜ்: அப்ப சரீப் நானாதான். ஒனக்குத் தெரியாமப் பழகுறார்.

ஃபாஹிம்: யா அல்லா... அப்ப எனக்கு முன்னால வேணுமெண்டா விழுகிறார்? மருமகன்ட மனசு நோகக் கூடாண்டு?

மின்ஹாஜ்: பாசம் எண்டா அதான்டா பாசம்.

ஃபாஹிம்: மச்சான், ஒண்ட கையப் புடிச்சிக் கேக்கிறன். அந்த சேவ் அழியக் கூடா. அந்த மனிசன் அம்புட்டுத் தூரம் போயிரிக்கிறார்.

மின்ஹாஜ்: கைய உடு, அப்பதான் வேல நடக்கும். ஒண்ட போன் அடிக்குது.

ஃபாஹிம்: பெக்டரி மனேஜர். அடிக்கட்டும். காதில வெச்சா ஒண்டும் கேக்காது, ஸ்பீக்கர்ல போட்டாத்தான் கேக்குது. அவர் ஏசுற ஏச்சு குறிஞ்சிப்பிட்டி ஊர் முழுக்கக் கேக்கும்.

மின்ஹாஜ்: அதையும் தந்துட்டுப் போ, திருத்தித் தாறன்.

ஃபாஹிம்: முதல்ல இத முடி.

மின்ஹாஜ்: ஏறத் தொடங்கிட்டு. இனித் தொடக் கூடா... அடேய். ரோட்டுக்கு அங்கால பாரு.

ஃபாஹிம்: என்ன?

மின்ஹாஜ்: இடுப்பில வெள்ளைச் சாரன், தோள்ல துவாய்... ஒண்ட மாமா.

ஃபாஹிம்: இந்நேரம் தோட்டத்திலயல்லவா நிக்கணும் அவர்!

மின்ஹாஜ்: இங்கதான் வாறார். பெட்டிய மூடு!

ஃபாஹிம்: எதால?

மின்ஹாஜ்: ஹெல்மட்டால மூடு. வயர உடு! வயரத் தொடாதடா!

சரீப்: அஸ்ஸலாமு அலைக்கும்.

மின்ஹாஜ்: வஅலைக்குமுஸ்ஸலாம்... வாங்க நானா, வாங்க.

சரீப்: அட, மகன். நீங்களுமா இங்க?

ஃபாஹிம்: போன்... போன் திருத்த வந்த மாமா.

சரீப்: ஆ. நானும் போன்தான். சார்ஜ்... சார்ஜ் இறங்கிட்டு.

ஃபாஹிம்: தோட்டத்துக்குப் போகல்லயா மாமா?

சரீப்: தண்ணி மோட்டர் நிண்டுட்டு. ஒங்கட பெக்டரி?

ஃபாஹிம்: அதுவும்... நிண்டுட்டு.

சரீப்: அல்லா. எல்லாம் ஒரே நாள்ல.

ஃபாஹிம்: ஓம் மாமா.

சரீப்: ம்...

ஃபாஹிம்: வெங்காயம் எப்பிடி மாமா?

சரீப்: பரவாயில்ல. ஐஸ் விலை எப்பிடி?

ஃபாஹிம்: பரவாயில்ல மாமா.

மின்ஹாஜ்: ஃபேனப் போடவா?

சரீப்: வேணாம் தம்பி. அந்தக் கறுப்பு வயரக் கழட்டிட்டு என்ட போனக் கொஞ்சம் குத்தன்.

ஃபாஹிம்: கழட்டாதீங்க!

சரீப்: ...ஏன் மகன்?

மின்ஹாஜ்: அதில ஒரு வேல நடக்குது நானா.

சரீப்: எதில? வயர் ஹெல்மட்டுக்குள்ளயல்லவா போகுது.

மின்ஹாஜ்: ஓம்... ஹெல்மட்டுக்குத்தான் சார்ஜ் போட்டிரிக்கி.

சரீப்: ஹெல்மட்டுக்கா?

மின்ஹாஜ்: புது மொடல்.

சரீப்: சார்ஜ் இல்லாட்டி?

மின்ஹாஜ்: தலையப் புடிக்காது.

சரீப்: சுப்ஹானல்லாஹ். ஒங்கடயா மகன்?

ஃபாஹிம்: ஓம் மாமா.

சரீப்: நல்லது. தலைதானே முக்கியம்... மகன், அங்கால தேத்தண்ணிக் கடையில மூணு பிளேன்டி சொல்லிட்டு வாறீங்களா?

ஃபாஹிம்: இப்பயா?

சரீப்: நாக்கு வரண்டு போச்சி.

ஃபாஹிம்: சரி மாமா... மின்ஹாஜ், ஹெல்மட்டு.

மின்ஹாஜ்: நீ போ. நான் கண்ணெடுக்க மாட்டன்.

சரீப்: ...போயிட்டாரா?

மின்ஹாஜ்: படியிறங்கிட்டார் நானா.

சரீப்: கிட்ட வா. எங்கட வீட்டில ஒரு கேம் பெட்டி இரிக்கி. முஹ்ஸின் அனுப்பின.

மின்ஹாஜ்: அப்பிடியா?

சரீப்: அதில கேம் கூட்டிப் போட ஏலுமாமே. நாளைக்கு மகன் வேலைக்குப் போனதும் கொண்டு வாறன். அவருக்குத் தெரியக் கூடா.

மின்ஹாஜ்: நானாக்கு அவ்வளவு விருப்பமா?

சரீப்: எனக்கா? அதக் கண்டாலே எனக்குக் கழுத்து நோகுதுடா. விடிய எழும்பித் தோட்டத்துக்குத் தண்ணி கட்டுற மனிசன் நான். எல்லாம் மருமகனுக்காகத்தான். அவர் குந்தி இரிக்கக்குள்ள நான் எழும்பிப் போய்ப் படுத்தா, மருமகன மதிக்கல்ல எண்டு ஆகிராதா? கொட்டாவி விட்டுக் காட்டுவன். அவரும் விடுவார், ஆனா எழும்ப மாட்டார். ‘போதும் மாமா’ண்டு சொல்லுவாரெண்டு நினைச்சி ‘இன்னொண்டு போடுவமா’ண்டு கேப்பன். ‘போடுவம்’ம்பார்.

மின்ஹாஜ்: அப்ப என்னத்துக்கு நானா கூட்டிப் போடுற?

சரீப்: போன கிழமையில இருந்து வீட்டில பொஞ்சாதி மர்ளியாட சத்தம். ‘மருமகனுக்கு அந்த இருவதும் அலுத்துட்டு, சொல்ல வெக்கப்படுறார், பாவம்’ண்டு. அலுத்துப் போய், அஸ்ரியாவக் கூட்டிக்கிட்டு மதுரங்குளிக்கு அவர்ட உம்மா வீட்டுக்கே போயிட்டாருண்டா? முஹ்ஸின் கத்தாருக்குப் போனதுக்குப் பொறகு... என்ட வீட்டில என்னைத் தவிர ஒரு ஆம்புளச் சத்தம் கேக்கிறது இப்பதான்டா. பாலத்தில விழுந்தா ‘ஐயோ மாமா’ம்பார். அது ஒரு... சரி, அத உடு.

ஃபாஹிம்: மாமா...

சரீப்: மகன்! பிளேன்டி?

ஃபாஹிம்: பர்ஸ இங்க மறந்துட்டுப் போனன்.

சரீப்: எப்ப வந்த நீங்க?

ஃபாஹிம்: ஒங்களுக்குக் கழுத்து நோகக்குள்ள.

சரீப்: அப்ப எல்லாத்தையும் கேட்டுட்டீங்க.

ஃபாஹிம்: நான் மதுரங்குளிக்கு எல்லாம் போக மாட்டன் மாமா.

சரீப்: கேம் அலுத்தாலும்?

ஃபாஹிம்: அலுக்கிறதுக்கு முதல்ல புடிக்கணுமே.

சரீப்: புடிக்காதா? பெட்டியப் பிரிச்ச அண்டைக்கு ‘மாஷா அல்லா, மாஷா அல்லா’ண்டு ரெண்டு தரம் சொன்னீங்களே!

ஃபாஹிம்: மூணாவது அகப்பைச் சோத்துக்கும் அதத்தான் மாமா சொல்லுறன்.

சரீப்: அப்ப அந்தக் கொட்டாவி?

ஃபாஹிம்: உண்மையான கொட்டாவி.

சரீப்: என்டதும்.

மின்ஹாஜ்: நான் ஹெல்மட்ட எடுக்கட்டா?

சரீப்: ஏன், சார்ஜ் ஏறிட்டா? ...அட! இது எங்கட பெட்டியல்லவா!

ஃபாஹிம்: மாமிதான் அனுப்பின. ஒங்களுக்கு அலுத்துட்டெண்டு சொன்னாங்க.

சரீப்: என்னட்ட ஒங்களுக்கெண்டு சொன்னா!

மின்ஹாஜ்: எல்லாம் ஏறி முடிஞ்சி. அல்ஹம்துலில்லாஹ். இப்ப உள்ள முந்நூறு கேம்.

சரீப்: முந்நூறா! மகன், மையத்தாகுற மட்டும் நாங்க ரெண்டு பேரும் டீவிக்கு முன்னாலதான்.

ஃபாஹிம்: மாமா... பக்கத்து வீட்டு றிஃப்னாட புள்ளைகளுக்குக் குடுத்துருவமா?

சரீப்: குடுப்பம். இண்டைக்கே. இனிச் சோறு திண்டதும் நேரத்தோட படுப்பம். நான் முதல்ல எழும்புறன்... இல்ல, நீங்க... இல்ல, ரெண்டு பேரும் ஒண்டா எழும்புவம்.

ஃபாஹிம்: ஒண்டா மாமா.

சரீப்: வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிஞ்சி தோட்டத்துக்கு வாங்களன். மோட்டர் உண்மையா நிக்கல்ல.

ஃபாஹிம்: பெக்டரியும் நிக்கல்ல மாமா.

மின்ஹாஜ்: எனக்கு ஒரு கேள்வி நானா. அப்ப அந்தப் பாலத்தில நீங்க வேணுமெண்டு விழுகல்லயா?

சரீப்: ஆருடா வேணுமெண்டு விழுகிற? உண்மையாத்தான் விழுகிறன்.

ஃபாஹிம்: எனக்குத் தெரியாமப் பகல்ல பழகல்லயா?

சரீப்: பகல்ல நான் வெங்காயத்துக்குள்ளயல்லவா நிக்கிறன்.

மின்ஹாஜ்: அப்ப எட்டாவது கோட்டைமட்டும் போன...

ஃபாஹிம்: பொறு, போன் அடிக்குது. மாமி.

சரீப்: எடுங்க, எடுங்க. நான் இங்க நிக்கிறத்தச் சொல்லாதீங்க.

ஃபாஹிம்: ஹலோ... மாமி?

மர்ளியா: மகன், வேல முடிஞ்சா? மாமா வந்துருவார், கெதியாக் கொண்டு வாங்க.

ஃபாஹிம்: மாமி, மாமா சொல்லுறார்... இல்ல, நான் நினைக்கிறன்... அத றிஃப்னாட புள்ளைகளுக்குக் குடுப்பமெண்டு.

மர்ளியா: குடுக்கிறதா! என்ன கதை இது? ராவில நீங்க ரெண்டு பேரும் அதோட குந்தினாத்தானே பெட்டி டீவியோட நிக்கும். இல்லாட்டி மாமா அதக் கழட்டி அலுமாரிக்கு மேல ஏத்திருவார். பொறகு பகல்ல நான் என்னெண்டு விளையாடுற?

ஃபாஹிம்: நீங்களா மாமி?

மர்ளியா: அந்த இருவதும் எனக்கு அலுத்துட்டு மகன், வாள்காரனத் தவிர. மின்ஹாஜ்ட்ட சொல்லுங்க, என்ட எட்டாவது கோட்டை அழிஞ்சிதெண்டா ராவைக்கு வீட்டில ஆருக்கும் சோறில்ல. மாமாட்ட மட்டும் மூச்சி விட்டுராதீங்க. பாவம் அந்த மனிசன், அந்தப் பாலத்தில விழுந்து விழுந்து சாகுறத்தப் பாத்துச் சிரிப்ப அடக்க ஏலாம குசினிக்கு ஓடுறன்.

ஃபாஹிம்: மாமி... இந்தப் போன் ஸ்பீக்கர்லதான் கேக்கும்...

மர்ளியா: அதுக்கென்ன, பக்கத்தில ஆரு?

சரீப்: மர்ளியா.

மர்ளியா: ...அல்லாவே.

சரீப்: அந்தப் பாலத்த எப்பிடித் தாண்டுற?