நாற்பத்தோராம் துண்டு

— பரண்ல இருந்த பெட்டி அத்தனையும் இறக்கியாச்சு. பதினேழு செருப்புப் பெட்டி, எல்லாத்துலயும் குறிப்பு அட்டை. தும்மித் தும்மி மூக்கே கழண்டுடும் போல இருக்கு. நாற்பத்தொண்ணு எதுல இருக்குன்னு நீதான் சொல்லணும்.

— எனக்கென்னங்க தெரியும்? உங்க புத்தகத்து முன்னுரையில என்ன போட்டீங்க? "அட்டைகளை அடுக்கி உதவிய என் துணைவிக்கு நன்றி." அடுக்கினவளுக்கு உள்ளே என்ன எழுதியிருக்குன்னு எப்படித் தெரியும், புரொஃபசர்?

— இந்தா, முன்னுரைச் சண்டையை நாளைக்கு வச்சுக்கலாம். அடிப்படையில, இன்னைக்கு என் தலை போகுது.

— ஆகட்டும், என்னதான் போகுதுன்னு சொல்லுங்க. காலையில அந்தக் கடுதாசியைப் பிரிச்சதுலேருந்து பேயறைஞ்ச மாதிரி நிக்கிறீங்க. எனக்கு இஸ்திரிப் பெட்டி காயுது.

— பதிப்பகத்துலேருந்து வந்திருக்கு. எவனோ ஒரு ஆராய்ச்சிக்காரன், வேலை வெட்டி இல்லாதவன், நாற்பத்தோராம் துண்டுக்கு நான் ஆதாரமா காட்டின நூலை முதல் பக்கத்துலேருந்து கடைசிப் பக்கம் வரைக்கும் அலசியிருக்கான். அப்படி ஒரு வரியே அதுல இல்லையாம். வெள்ளிக்கிழமைக்குள்ள அது எங்கேருந்து வந்துச்சுன்னு நான் காட்டணும். இல்லேன்னா ரெண்டாம் பதிப்பு கிடையாது. கடையில இருக்கிற புத்தகத்தையும் திருப்பி வாங்கிக்குவாங்களாம்.

— அடேங்கப்பா! ஒத்தை வரிக்கா?

— ஒத்தை வரியா? அது என்ன வரின்னு தெரியுமா உனக்கு? நம்ம ஆள், அந்தக் கிரேக்க ஞானி, எழுதின புத்தகம் ஒண்ணுகூட இன்னைக்கு உலகத்துல இல்லை. பின்னால வந்தவங்க அங்கங்க எடுத்துச் சொன்னதுதான் மிச்சம். மொத்தமே நூத்திப் பன்னெண்டு துண்டு...

— எனக்கேவா பாடம்? பாப்பா வயித்துல இருக்கும்போது நூலகத்துல முதுகு ஒடிய உக்காந்து அதையெல்லாம் பார்த்து எழுதினது யாரு, பக்கத்து வீட்டுக்காரியா?

— நீதான், நீதான். அடிப்படையில நான் என்ன சொல்றேன்னா, மீதி நூத்திப் பதினொண்ணும் ஒரே பாட்டு. அசையாதே, அழாதே, கல்லா இரு. நாற்பத்தொண்ணு ஒண்ணுதான் அந்த மனுஷனுக்கும் நெஞ்சுல ஈரம் இருந்துச்சுன்னு காட்டுது. அதை உருவிட்டா என் புத்தகத்துல என்ன மிஞ்சும்? வெறும் அட்டை.

— உங்க கிழவருக்கு ஈரம் இருந்துச்சுன்னு ஊரெல்லாம் பேசிக்கிட்டாங்க. எதிர்வீட்டுக்காரர் செத்தப்போ அவர் பொண்ணு எனக்கே அந்த வரியைப் படிச்சுக் காட்டுச்சு. "அழுகிறவருக்குப் பாடம் சொல்லாதே. கதவைத் திற, வந்து பக்கத்தில் உட்கார்." எவ்ளோ நல்லா இருக்குல்ல ஆன்ட்டின்னு கேட்டுச்சு. நல்லாத்தாம்மா இருக்குன்னேன்.

— பார்த்தியா? ஜனங்க மனசுல போய் உக்காந்த வரி. அந்தக் கதவைப் பத்தி மட்டும் முப்பது பக்கம் எழுதினேன். கதவுன்னா அறிவு தனக்குத்தானே போட்டுக்கிட்ட தடை...

— அது கதவுதாங்க. மரக்கதவு.

— உனக்கு எல்லாமே மரக்கதவுதான்.

— ஆமா ஆமா. கிரேக்க வகுப்புல நான் முதல், நீங்க மூணாவது. மரக்கதவு புரியறதுக்கு அந்தப் படிப்பு போதும்.

— ஆரம்பிச்சுட்டியா? இரு, இரு... இதோ! கிடைச்சிருச்சு. நாற்பத்தொண்ணு. உன் கையெழுத்துதான். நடுவுல கிரேக்கத்துல ரெண்டு வரி. நூலோட பேர் எழுதற மூலை... காலி.

— காலியாத்தான் இருக்கும்.

— மூலை காலியா இருந்தா முந்தின அட்டையில இருக்கிற அதே நூல்னு அர்த்தம். நாம வச்சுக்கிட்ட வழக்கம்தானே? ஒரே பேரைத் திருப்பித் திருப்பி எழுதிக் கை வலிக்குதுன்னு நீதானே கொண்டு வந்த?

— நான்தான் கொண்டு வந்தேன்.

— அப்போ தப்பு உன்னோடது! வேற நூலைத் திறந்து வச்சுக்கிட்டு அதோட பேரை எழுத மறந்திருக்க. நான் பாவம், முந்தின அட்டையைப் பார்த்துப் போட்டுட்டேன்.

— அச்சுக்குப் போகுமுன்னாடி ஒரு தடவை அந்த நூலைத் திறந்து பார்த்திருக்கலாமே.

— உன்மேல இருந்த நம்பிக்கை!

— சோம்பேறித்தனத்துக்கு இப்படியும் ஒரு பேரா?

— என்னைக் குத்தறதுன்னா வெள்ளிக்கிழமைக்கு அப்புறம் ஆசை தீரக் குத்து. இப்போ யோசிச்சுச் சொல்லு. உன் காலைப் பிடிச்சுக் கேக்கறேன். எந்த நூல்? என் பேர், மானம், எல்லாம் இந்தக் காலி மூலையிலதான் இருக்கு.

— பின்பக்கம் தேதி போட்டிருப்பேன். படிங்க.

— ஆகஸ்ட் பதினாலு. வருஷமும் இருக்கு. முப்பத்திரண்டு வருஷம் ஆச்சு. சரி, அன்னைக்கு எங்கே போன? கல்லூரி நூலகத்துக்கா, பெரிய நூலகத்துக்கா?

— எங்கேயும் போகலை. இன்னொரு தடவை படிங்க.

— ஆகஸ்ட் பதினாலு. அதுக்கென்ன இப்போ?

— அதுக்கென்னவா? உண்மையாவே கேக்கறீங்களா?

— புதிர் போடாதே தாயே, எனக்கு நேரமில்லை.

— பதிமூணாம் தேதி சாயங்காலம்தான் பாப்பாவைப் புதைச்சுட்டு வந்தோம்.

— பதிமூணா... அந்தப் பதிமூணா?

— ஒன்பது மாசம். முதல் பல் அப்பதான் எட்டிப் பார்த்துச்சு. வீட்டுக்கு வந்ததும் நீங்க நேரா இந்த அறைக்குள்ள போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கிட்டீங்க. நான் கதவுக்கு வெளியே தரையில கிடந்து தட்டினேன். ராத்திரி முழுக்கத் தட்டினேன். உள்ளே இருந்தபடியே பேசினீங்க. நம்ம கையில இல்லாததுக்கு அழறவங்க அறிவில்லாதவங்கன்னு. நம்ம ஆள் சொல்லியிருக்கார்னு. எத்தனையாம் துண்டுன்னு நம்பரோட சொன்னீங்க.

— எனக்கு... அப்போ வேற எதுவும் சொல்லத் தெரியலை.

— அது எனக்குத் தெரியும். நான் நம்ம பாஷையில கத்தினது ஒண்ணுமே உங்க காதுல ஏறலை. அட்டையில, கிரேக்கத்துல வந்தா மட்டும் கையில எடுத்துப் படிப்பீங்க. அதனால விடிஞ்சதும் ஒரு அட்டை எடுத்தேன். எழுதினேன். கதவுக்கு அடியில தள்ளினேன்.

— இதையா? இந்த அட்டையையா?

— நீங்க குனிஞ்சு எடுத்த சத்தம் கேட்டுச்சு. முகத்தைத் துடைச்சுக்கிட்டுக் கதவையே பார்த்தேன், இதோ திறக்கும், இதோ வருவீங்கன்னு. அப்புறம் பென்சில் சீவற சத்தம் கேட்டுச்சு. நம்பர் போட்டிருக்கீங்க.

— ஐயோ. நான் நம்ம ஆள் வரின்னு... நீ முன்னாடி கொடுத்த கட்டுலேருந்து நழுவின அட்டைன்னு நினைச்சேனே. புத்தகம் வந்தப்பவாவது சொல்லியிருக்கக் கூடாதா?

— சொல்ல வாயெடுத்தேன். வெளியீட்டு விழா மேடையில நீங்க அந்த வரியைப் படிச்சீங்க. படிச்சுட்டு அழுதீங்க. பாப்பாவுக்கு ஒரு சொட்டு விடாத கண்ணு, செத்து ரெண்டாயிரம் வருஷம் ஆன கிழவருக்கு அழுதுச்சு. கூட்டமே எழுந்து நின்னு கை தட்டுச்சு. அதுக்கு மேல நான் என்னத்தைச் சொல்ல?

— கடவுளே. இரு, இரு, தலை சுத்துது. மறைக்காம சொல்லு. வேற எத்தனை அட்டை இப்படி நீயா எழுதின? நூத்திப் பன்னெண்டுல இன்னும் எது எது உன்னோடது? சொல்லித் தொலையேன்!

— ஒண்ணுதாங்க. அதுக்கே இன்னும் பதில் வரலை.