முதலில் சேர்த்த ஃபோன்

புதுக் கார் வாங்கப் போகிறவர்கள் மைலேஜ் கேட்பார்கள், கலர் கேட்பார்கள். என் அண்ணன் கேட்டது ஸ்பீக்கர் எப்படி என்று. மருந்துக் கம்பெனியின் விற்பனைப் பிரதிநிதி அவர். டாக்டர், கடைக்காரர், மேலதிகாரி என்று நாள் முழுக்க யாரிடமாவது பேசிக்கொண்டே வண்டி ஓட்டுவார். அதனால் வயர் எதுவும் மாட்டாமல் ஃபோன் தானாகக் காரோடு சேர்ந்துகொள்ளும் வண்டிதான் வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றார்.

நீங்களும் அந்த வசதியைப் பற்றித்தான் திரும்பத் திரும்பக் கேட்கிறீர்கள், சார். அதில் பெரிய சிக்கல் ஒன்றுமில்லை, சொல்கிறேன்.

ஷோரூமில் சாவி கொடுத்தவர் முன்சீட்டில் உட்கார்ந்து திரையைக் காட்டினார். "மொதல்ல எந்த ஃபோனைச் சேர்க்கிறீங்களோ, வண்டி அதைத்தான் சார் மொதல்ல தேடும். அது பக்கத்துல இல்லைன்னாதான் அடுத்ததுக்குப் போகும்," என்றார்.

"அப்ப என்னோடத மொதல்ல போடுங்க. இவன் ரெண்டாவது," என்றார் அண்ணன். என் தோளைத் தட்டி, "பொறந்ததுலேர்ந்தே அப்படித்தானே," என்று சிரித்தார்.

நானும் சிரித்தேன். அவர் போட்டுக் கழித்த சட்டையைத்தான் நான் போட்டு வளர்ந்தேன், அவர் அட்டை போட்ட புத்தகத்தில்தான் படித்தேன். அதை ஒரு குறையாக நான் எடுத்துக்கொண்டதில்லை. தயவுசெய்து இதற்கு அடியில் கோடு போடாதீர்கள்.

அந்தக் காரை அவர் ஆசைதீர ஓட்டவில்லை. ஒரு காலையில் பல் தேய்த்துக்கொண்டிருந்தவர் அப்படியே சரிந்தார். பக்கவாதம். வலது பக்கம் மொத்தமும் போயிற்று. குரல் தேய்ந்து, பக்கத்தில் குனிந்து கேட்டால்தான் புரியும் என்றாயிற்று. அண்ணி அதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். எங்கள் தங்கை வேறு ஊரில் புருஷன், பிள்ளைகள் என்று இருக்கிறாள். எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. யார் பார்த்துக்கொள்வது என்று யாரும் கூடிப் பேசவே இல்லை. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள், அவ்வளவுதான்.

நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறவன். கண்ணாடிச் சட்டத்துக்குள் லென்ஸ் கச்சிதமாக உட்கார வேண்டும். மயிரிழை கூடினாலும் உடைந்துவிடும், குறைந்தால் கழன்று விழும். அந்தக் கையை வைத்துக்கொண்டுதான் அண்ணனைத் திருப்பிப் போட்டேன், துடைத்தேன், சவரம் செய்தேன். கொஞ்ச நாள் என்று முதலாளியிடம் லீவு சொன்னேன். அப்புறம் அவரும் கேட்பதை விட்டுவிட்டார், நானும் போவதை விட்டுவிட்டேன்.

அவருக்கு முழுங்குவதுதான் பெரிய பாடு. எல்லாவற்றையும் கூழாக அரைத்துக் கொடுக்க வேண்டும். கொடுத்த பிறகு முதுகுக்குப் பெரிய தலையணை வைத்து நிமிர்த்தியே உட்காரவைத்திருக்க வேண்டும். படுக்கவைத்தால் புரையேறும், நெஞ்சு அடைக்கும். அடைத்தால் உறிஞ்சும் மெஷினைப் போட்டு எடுக்க வேண்டும். நர்ஸம்மா வந்து இதைச் சொல்லிக்கொடுத்தபோது நான் ஒரே தடவையில் கற்றுக்கொண்டேன். "உங்கள மாதிரி ஒரு தம்பி யாருக்குக் கெடைக்கும்," என்றார் அவர். அதை அண்ணனும் கேட்டுக்கொண்டுதான் இருந்தார்.

கூப்பிடக் குரல் இல்லாததால் ஃபோன்தான் அவருக்கு அழைப்பு மணி. இடது கைக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டாண்டில் நிறுத்தி வைத்திருந்தேன். கட்டை விரலால் தொடுவார், சமையலறையில் என் ஃபோன் அடிக்கும். நான் எடுக்கக்கூட மாட்டேன். "வர்றேன் அண்ணா," என்று குரல் கொடுத்துக்கொண்டே ஓடுவேன். இருபத்துநாலு மணி நேரமும் ஒரே ஓட்டம். அலுப்பாக இல்லையா என்று கேட்டீர்கள். அலுப்பாகத்தான் இருந்தது. ஆனால் ஒரு ஆள் உயிரோடு இருப்பதற்கு நான் ஒருவன்தான் காரணம் என்பது எல்லோருக்கும் வாய்க்காது. லென்ஸ் தேய்த்த காலத்தில் எனக்கு அது வாய்க்கவில்லை.

இப்போது கார். அண்ணன் கட்டில் போட்டிருந்த சுவருக்கு அந்தப் பக்கம்தான் அது நிற்கும். பேட்டரி இறங்கிவிடக் கூடாது என்று அவ்வப்போது போய் ஸ்டார்ட் செய்வேன். முதல் தடவையே திரையில் வந்துவிட்டது, அண்ணனுடைய ஃபோன் இணைந்தது என்று. சுவரைத் தாண்டி அவருடைய ஃபோனை அது தேடிப் பிடித்துக்கொண்டது. என் சட்டைப் பையில் இருந்த ஃபோனை ஏறெடுத்தும் பார்க்கவில்லை.

அந்த நேரம் பார்த்து அண்ணனுடைய பழைய சிநேகிதர் ஒருவர் அவரைக் கூப்பிட்டார். அண்ணன் எடுத்துவிட்டார். சத்தம் மட்டும் காருக்கு வந்துவிட்டது. நாலு ஸ்பீக்கரிலும் அந்த மனிதர், "என்னப்பா, வயிறு ஒழுங்கா போகுதா?" என்று கேட்கிறார். நான் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன். உள்ளே போனால் அண்ணன் ஃபோனை முறைத்துக்கொண்டிருந்தார். அவர் பேசியது அங்கே போகவில்லை, அங்கிருந்து பேசியது இவருக்குக் கேட்கவில்லை. விஷயத்தைச் சொன்னதும் அவருக்கும் சிரிப்பு வந்தது. வாய் ஒரு பக்கமாகத்தான் சிரிக்கும், துடைத்துவிட வேண்டும்.

சர்வீசுக்கு விட்டபோது மெக்கானிக்கிடம் கேட்டேன். "அண்ணன் ஃபோனை வண்டியிலேர்ந்து எடுத்துடுங்க சார், ஒரு நிமிஷ வேலை. இல்லைன்னா பேசும்போது ஃபோன்லயே இந்தப் பட்டனைத் தொட்டா சத்தம் திரும்ப ஃபோனுக்கே வந்துடும். அவருக்குச் சொல்லிக் குடுத்துடுங்க," என்றார். நான் இரண்டையும் செய்யவில்லை. அவருடைய காரிலிருந்து அவருடைய பெயரையே அழிப்பதா என்று மனசு வரவில்லை. பட்டனைச் சொல்லிக்கொடுக்க மறந்துவிட்டேன். மறந்துவிட்டேன் என்றுதான் இதுவரை எனக்கே சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

அடுத்து ஒரு செவ்வாய்க்கிழமை. காரில் உட்கார்ந்திருக்கிறேன், தங்கையின் குரல் வந்தது.

"பெரியண்ணா, நீ சொன்ன மாதிரியே கீழ் ரூமை காலி பண்ணிட்டேன். நர்சுக்கும் சொல்லியாச்சு. ஞாயித்துக்கிழமை ஆம்புலன்ஸ் வேனோட நாங்க வந்துடறோம். சின்னண்ணன்கிட்ட நீயே பக்குவமா சொல்லிடு. பாவம், அவனும் எத்தனை நாளைக்குத்தான் இப்படியே கெடப்பான்." கொஞ்சம் நிறுத்திவிட்டு, "கேக்குதா? ஏன் பேச மாட்டேங்கறே?" என்றாள்.

'பாப்பா, நான்தான்' என்று நான் சொல்லியிருக்கலாம். காரின் மைக் என் தலைக்கு மேலேயே இருந்தது. மூச்சைக்கூட மெதுவாக விட்டேன். அவள் கட் செய்த பிறகு வெகுநேரம் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தேன். எனக்கு எங்கே போவதென்று தெரியவில்லை, சார். கண்ணாடிக் கடையில் என் நாற்காலியில் வேறு ஆள் உட்கார்ந்தாயிற்று. வீட்டில் இருப்பது ஒரு கட்டில், ஒரு மெஷின், நான். கட்டிலில் ஆள் இல்லையென்றால் காலையில் எதற்காக எழுந்திருப்பது என்று யோசித்துப் பார்த்தேன். ஒன்றும் பிடிபடவில்லை.

அவராகச் சொல்லட்டும் என்று காத்திருந்தேன். அவருக்கு நான் நிறைய வாய்ப்புக் கொடுத்தேன், அதைக் குறித்துக்கொள்ளுங்கள். சவரம் செய்யும்போது, "ஏதாவது சொல்லணுமா அண்ணா?" என்று கேட்டேன்.

"ஒண்ணுமில்லடா. நீ சாப்டியா?"

மறுநாளும் கேட்டேன். என் கையைப் பிடித்துக்கொண்டு சுவரைப் பார்த்தார். கண் கலங்கியது. பக்கவாதம் வந்தவர்களுக்குக் காரணம் இல்லாமலே கண் கலங்கும் என்று நர்ஸம்மா சொல்லியிருக்கிறார். வெள்ளிக்கிழமையும் அவர் சொல்லவில்லை.

சனிக்கிழமை மதியம் நடந்ததை நேற்றே உங்களிடம் சொன்னேன். அதில் சில திருத்தங்கள் இருக்கின்றன.

தலையணை நழுவிவிட்டது என்று சொன்னேன். அது நழுவவில்லை. சாப்பாடு கொடுத்து முடித்ததும் கழுத்து வலிக்கிறது என்றார், நான் தலையணையை எடுத்துவிட்டு அவரை மல்லாக்கப் படுக்கவைத்தேன். "இப்ப வலிக்கலையே?" என்று கேட்டேன். இல்லையென்று தலையசைத்தார். என் ஃபோனைச் சமையலறையில் சார்ஜில் போட்டேன். கதவைச் சாத்தினேன். வெளியே போய்க் காரில் ஏறி, கண்ணாடிகளை ஏற்றிவிட்டு, ஸ்டார்ட் பட்டனை அழுத்தினேன். எஞ்சினை ஓடவிடவில்லை, திரை மட்டும் வந்தால் போதும். பெல்ட் போடவில்லை என்று வண்டி டிங் டிங் என்றது. நான் ரோட்டில் ஒருநாளும் பெல்ட் போடாமல் ஓட்டியதில்லை. அன்றைக்கு எங்கேயும் போகிற உத்தேசம் இல்லை.

அண்ணனுடைய ஃபோன் இணைந்தது என்று வந்தது. அப்புறம் சும்மா உட்கார்ந்திருந்தேன். நடக்கவேண்டும் என்று நான் நினைக்கவில்லை. நடந்தால் நடக்கட்டும் என்றுதான் நினைத்தேன். உங்களுக்கு இது ஒன்றாகத் தெரியலாம்.

கொஞ்ச நேரத்தில் காருக்குள் ரிங் போகும் சத்தம் கேட்டது. அவர் யாரையோ கூப்பிடுகிறார். திரையைப் பார்த்தேன். 'நம்ம ஆளு' என்று இருந்தது.

யார் இது என்று எனக்கு ஒரு கணம் புரியவில்லை. கீழே இருந்த நம்பரைப் பார்த்ததும்தான் தெரிந்தது, அது நான். என்னை அவர் அந்தப் பெயரில்தான் போட்டுவைத்திருந்தார். தம்பி என்று போட்டிருப்பார் என்றே நான் நினைத்திருந்தேன். அவருடைய ஃபோனை நான் துடைத்திருக்கிறேன், சார்ஜ் போட்டிருக்கிறேன், திறந்து பார்த்ததில்லை. அவ்வளவு பெரிய எழுத்தில் அதைப் பார்த்தபோது எனக்கு அழுகை வந்துவிட்டது. சந்தோஷத்தில்தான். ரிங் போய் முடிந்து, பெயர் மறைந்தது. மறுபடி வராதா என்று இருந்தது. வந்தது.

எழுந்து ஓடியிருக்கலாமே என்கிறீர்கள். பத்துப் பதினைந்து தப்படிதான் இருக்கும். காலைத் தூக்க முடியவில்லை என்று சொன்னால் நம்பமாட்டீர்கள். திரையை விட்டுக் கண்ணை எடுக்க மனமில்லை என்பதும் உண்மை.

அதற்கப்புறம் அவர் கூப்பிட்டது தங்கையை. திரையில் 'பாப்பா' என்று வந்தது. அவள் எடுத்து, "சொல்லுண்ணா, சாப்டாச்சா?" என்றாள். "அண்ணா, கேக்கலை. பேசு. சின்னண்ணன் எங்கே?" நான் அங்கேதான் இருந்தேன், அவள் குரலுக்கு ஒரு முழம் தள்ளி. அப்போதுதான் வண்டி அதுவாக அணைந்தது. பேட்டரி வீணாகாமல் இருக்க அப்படி ஒரு ஏற்பாடு. திரை இருட்டானதும் சத்தம் அவருடைய ஃபோனுக்கே போய்விட்டது. காருக்குள் அப்படி ஒரு அமைதியை நான் கேட்டதில்லை.

அந்தச் சில நொடிகளில் தங்கைக்கு என்ன கேட்டது என்று அவள் உங்களிடம் சொல்லியிருக்கிறாள். நான் அதைக் கேட்கவில்லை, அதனால் அதைப் பற்றி எனக்குத் தெரியாது. நான் பட்டனை மறுபடி அழுத்தினேன். அவள் கேட்டதாகச் சொன்ன டிங் டிங் சத்தம் அதுதான். படுக்கையறையில் பெல்ட் மணி எப்படி வரும் என்று அவள் யோசித்திருக்கிறாள். சின்ன வயசிலிருந்தே கெட்டிக்காரி. மறுபடி ஸ்பீக்கரில் வந்தபோது அவள் குரலே மாறியிருந்தது. "அண்ணா, அண்ணா, யாராவது இருக்கீங்களா, யாராவது உள்ளே போங்க," என்று கெஞ்சினாள். அப்படிக் கெஞ்சுகிறவளுக்கு நான் என்ன சொல்ல முடியும்? பிறகு கட் செய்துவிட்டாள். என் ஃபோனுக்கு அடித்துப் பார்த்திருக்கிறாள், அது சமையலறையில் இருந்தது.

எல்லாம் அடங்கிய பிறகு உள்ளே போனேன். தலையணையை வைத்து நிமிர்த்தினேன், மெஷினைப் போட்டேன், வாயைத் துடைத்தேன். நர்ஸம்மா சொல்லிக்கொடுத்ததில் ஒன்றையும் விடவில்லை. ஆம்புலன்சைக் கூப்பிட்டதும் நான்தான்.

நான் செய்தேன், சார். தலையணையை எடுத்தது, ஃபோனை உள்ளே வைத்தது, இரண்டாவது தடவை பட்டனை அழுத்தியது, எல்லாம் நான்தான். எங்கே வேண்டுமானாலும் கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் தங்கை சொன்னதில் ஒரு தவறு இருக்கிறது, அதைத் திருத்தியாக வேண்டும். அண்ணன் கடைசியாகக் கூப்பிட்டது தன்னைத்தான் என்று அவள் எழுதிக் கொடுத்திருக்கிறாள். இல்லை. அவள் கட் செய்த பிறகு திரையில் இன்னொரு தடவை 'நம்ம ஆளு' என்று வந்தது. கடைசி ரிங் வரைக்கும் நான் பக்கத்திலேயே இருந்து பார்த்துக்கொண்டேன்.