பாதிப் படத்தில் எழுந்து போனவர்

காரைக்காலிலிருந்து நெடுங்காடு போகும் பேருந்து. என் முன் இருக்கையில் இரண்டு பெண்கள். மூத்தவர் சொன்னார்:

"எங்க வீட்டுக்காரரு, மவன் படத்த பாதியிலயே விட்டுட்டு வயலுக்கு ஓடிட்டாரு."

"ஏன்க்கா, தம்பி போட்ட மியூசிக் புடிக்கலியா?"

"அதில்ல. அவன் மொதல்ல சவுண்டு டிபார்ட்மெண்டுலதானே இருந்தான்? சத்தம் புடிக்கிற பழக்கம் இன்னும் போவல. போன வருசம் வாய்க்கால்ல தண்ணி வந்தப்ப மைக்க வச்சிக்கிட்டு கரையில படுத்துக் கெடந்தான். காஞ்ச மண்ணுல மொதத் தண்ணி ஏறுற சத்தம். அத அப்படியே ஒரு பாட்டுக்கு முன்னாடி வச்சிருக்கான்."

"சரி."

"இந்த வருசம் தண்ணி வருமா வராதான்னு தூக்கமில்லாம கெடந்த மனுசன், தியேட்டர்ல ஏசி பட்டதும் கண்ணசந்துட்டாரு. அந்தச் சத்தம் கேட்டுதோ இல்லியோ, 'தண்ணி வந்துட்டு, மடையத் தொறக்கணும்'னு எழுந்து கெளம்பிட்டாரு."

நான் இறங்க வேண்டிய நிறுத்தம் வந்தது. எழவில்லை.

"தம்பி கோவிச்சுக்கலியா?"

"அவனா? இதவிட பெரிய அவார்டு வேணாம்மாங்கிறான்."

"பாவம் மாமா, வெயில்ல வீணா அலைஞ்சிருப்பாரு."

"வீணாவா? போயிப் பாத்தா, நெசமாவே தண்ணி வந்து நின்னுச்சாம்."