புஷ்பவல்லி மீது கொடுத்த புகாரைத் திரும்பப் பெறுகிறேன்

என் பெயர் பழனியப்பன், தகப்பனார் பெயர் அய்யாவு. வயது நாற்பத்தெட்டு. வீடு கிள்ளான் தாமான் செந்தோசாவில். தொழில் எவர்சில்வர் பாத்திரக் கடை. பாசார் மாலாம் என்னும் இரவுச் சந்தையில் வேனில் வைத்து விற்றுத் தொடங்கி இந்த நிலைக்கு வந்தவன். நடந்ததை வரிசையாகச் சொல்லும்படி போலீஸ் சார்ஜன் பரமேஸ்வரன் கேட்டதால் தமிழில் சொல்கிறேன்.

காணவில்லை என்று நான் புகார் கொடுத்தது என் தாயார் லெட்சுமியை. வயது அறுபத்தொன்பது, எங்களோடு இருந்தவர். பக்கத்து வீடுகளில் திருடன் புகுந்ததிலிருந்து, நானும் என் மனைவி குமுதாவும் கடைக்குப் புறப்படும்போது கிரில் கதவை வெளியே பூட்டிச் சாவியைக் கொண்டுபோய்விடுவோம். அம்மா உள்ளே இருப்பார். சோறு, டிவி, கைப்பேசி எல்லாம் இருக்கும். எங்கள் வரிசையில் பலரும் அப்படித்தான் செய்கிறார்கள்.

இப்படி இருக்கையில் ஒரு வெள்ளிக்கிழமை குமுதா அம்மாவைக் கோயிலுக்கு அழைத்துப் போய், அர்ச்சனைத் தட்டு வாங்கித் திரும்பியபோது அம்மாவைக் காணவில்லை. கைப்பேசி வீட்டில் கிடந்தது. அன்றே புகார் கொடுத்தேன். மருத்துவமனைகளில் தேடினேன். பிணவறை ஊழியர் அப்படி யாரும் வரவில்லை என்றதும் அவருக்கு நன்றி சொல்லிவிட்டு வந்தேன்.

அதன் பிறகு கடைக்கு இட்டிலிப் பானை வாங்க வந்த ஒரு பெண், அம்மாவைச் சாலாக் செலாத்தான் பாசாரில் புஷ்பவல்லியோடு பார்த்ததாகச் சொன்னார். புஷ்பவல்லி, அம்மாவோடு முன்பு கையுறைத் தொழிற்சாலையில் வேலை செய்தவர். நான் அவர் வீட்டுக்குப் போனேன். அவர் வாசலை மறித்து நின்று, "லெட்சுமிக்கா தூங்குறாங்க தம்பி. உன் கடைப் பானையா, தட்டிப் பாக்க? அப்புறம் வா லா" என்றார்.

சரக்கு காணவில்லை என்றால் யாரோ எடுத்திருக்கிறார் என்றுதான் வியாபாரி புத்தி போகும். அவர் அம்மாவை அடைத்து வைத்திருப்பதாக இரண்டாவது புகார் கொடுத்தேன். போலீசார் போய்ப் பார்த்து, வயது வந்தவர், இஷ்டப்பட்டுத்தான் இருக்கிறார் என்றார்கள். மிரட்டிச் சொல்ல வைத்திருப்பார்கள் என்று நினைத்து, வழக்கறிஞர் நிர்மலன் மூலம் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டேன்.

விசாரணை அன்று அம்மா வலது கையில் கட்டுடன் வந்தார். அடித்திருக்கிறார்கள் என்று நிர்மலனிடம் காட்டினேன். நீதிபதி மொழிபெயர்ப்பாளர் மூலம், அந்த வீட்டில் உங்களை யாராவது பூட்டி வைத்திருக்கிறார்களா என்று கேட்டார். அம்மா முந்தானை முடிச்சை இடது கையால் அவிழ்த்து ஒரு சாவியை எடுத்துக் காட்டினார்.

"அந்த வீட்டுச் சாவி எங்கிட்ட இருக்குங்கய்யா. பூட்டி வச்சது என் மகன் வீட்டுல. பாசத்துலதான் பூட்டுனான். ஆனா அதுவும் பூட்டுதான?"

மொழிபெயர்ப்பாளர் அதை மலாயில் சொல்லி முடிக்கும்வரை நான் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மனு தள்ளுபடியானது.

அதன் பிறகு வெளியே புஷ்பவல்லி கட்டின் காரணத்தைச் சொன்னார். அவர் பாசாருக்குப் போயிருந்தபோது அம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து, சுவரைப் பிடித்து எழுந்து வந்து தன் சாவியால் கிரிலைத் திறந்து பக்கத்து வீட்டுச் சீன ஆன்டியைக் கூப்பிட்டிருக்கிறார். அந்த ஆன்டிதான் காரில் மருத்துவமனைக்குக் கொண்டுபோயிருக்கிறார். கேட்டுக்கொண்டிருந்த குமுதா, "நம்ம வீட்டுல விழுந்திருந்தா கடை சாத்திட்டு நாம வர்ற வரைக்கும் கெடந்திருப்பாங்க" என்றார். நான் அங்கிருந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். புஷ்பவல்லி தன் தண்ணீர் போத்தலை என்னிடம் நீட்டினார். குடித்தேன்.

மறுநாள் எங்கள் கிரிலுக்கு இன்னொரு சாவி வெட்டி அம்மாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அம்மா வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. இரண்டு சாவியையும் ஒரே முடிச்சில் கட்டிக்கொண்டார்.

போன வெள்ளிக்கிழமை கடை சாத்தி வந்தபோது எங்கள் கிரில் திறந்திருந்தது. திருடன் என்ற நினைப்பு வரவில்லை. உள்ளே மீன் குழம்பு வாசம், இரண்டு பெண்கள் சிரிக்கும் சத்தம். அம்மா அடுப்படியிலிருந்து, "சாத்திட்டு வா. பூட்ட வேணாம்" என்றார். சாத்திவிட்டுப் போனேன். சாப்பிட்ட பின் அம்மாவும் புஷ்பவல்லியும் சாலாக் செலாத்தானுக்குப் புறப்பட்டார்கள். நான்தான் வேனில் கொண்டுபோய் விட்டேன்.

ஆகவே புஷ்பவல்லி மீது நான் கொடுத்த புகாரைத் திரும்பப் பெறுகிறேன். அவர் என் தாயாரை அடைத்து வைக்கவில்லை, காப்பாற்றி வைத்திருந்தார். இந்த வரி அப்படியே பதிவாக வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

யாரும் சொல்லிக்கொடுத்து நான் இதைச் சொல்லவில்லை. எழுதியதைப் படித்துக் காட்டக் கேட்டேன். நான் சொன்னபடியே இருக்கிறது, அத்தனையும் உண்மை.

(ஒப்பம்) அ. பழனியப்பன்