அறுபத்துமூன்று டின் பட்டணம்

சித்தூர் வெயிலில் ஃபிலிம் சுருளைக் காப்பது லேசான வேலையில்லை, ஐயா. நாளுக்கு மூன்று தரம் ஈரச்சாக்கு மாற்றிப் போர்த்த வேண்டும். இல்லையென்றால் ஒரு பொறி போதும், வெடிமருந்து மாதிரிப் பற்றிக்கொள்ளும்.

நாற்பத்திரண்டு ஏப்ரலில், ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று சென்னப்பட்டணமே காலியானபோது, படம் பிடிக்கும் தியோடர் அறுபத்துமூன்று டின்களோடு பாகாலாவில் ரயில் மாறி இங்கே வந்து சேர்ந்தார். நான் டாக்கீஸில் படம் ஓட்டுகிறவன். கொட்டகைக்குப் பின்னாலிருந்த ஓடு வேய்ந்த அறையை ஒழித்துக் கொடுத்தேன். முப்பது வருஷத்துப் பட்டணம் அந்த டின்களில் இருந்தது. டிராம் வண்டி, மார்கழிக் கச்சேரி, ராஜபார்ட் வேஷம் கட்டும் நாடகக்காரர்கள், ஊமைப்படக் கூடாரம், பிறகு பேசும்படத்துக்காக மைக் முன்னால் வியர்த்து நின்ற பாடகிகள். தேர்ந்த கை. அதை நான் மறுக்கமாட்டேன்.

ஒரு மத்தியானம் அவரே ஒரு சுருளைப் போட்டுக் காட்டினார். இருபத்தெட்டில் எரிந்த நாடகக் கொட்டகை. தட்டி இடுக்கில் ஒரு சிறுமி கையை வெளியே நீட்டிக்கொண்டிருந்தாள். என் மகள் அம்சவேணி. நாங்கள் பட்டணத்தில் இருந்தபோது, அந்தத் தீயில்தான் அவள் போனாள். அது அவருக்குத் தெரியாது.

"நீங்க எங்க நின்னுக்கினு இருந்தீங்க?"

"பத்தடியில."

"இழுத்திருக்கலாமே."

"கேமரா கைப்பிடிய சுத்தாம விட்டா படம் நின்னுடுமே, கோவர்த்தனா."

தொழில் தெரிந்தவனுக்கு அது புரியும். சாக்கு நனைக்கப் போய்விட்டேன்.

அதன்பின் ஆறு வாரம் காத்திருந்தேன். அவர் தினமும் அந்த அறையில்தான் தனியாக உட்கார்ந்திருந்தார். என்றைக்கு வேண்டுமானாலும் முடித்திருக்கலாம். ஆனால் வேலூரில் டீச்சராக இருந்த அவர் மகள் கிரேஸ், லீவுக்கு வந்து டின்களுக்குச் சீட்டு எழுதி ஒட்டுவதாகக் கடிதம் போட்டிருந்தாள். வந்தாள். நல்ல பெண். என்னை மாமா என்றுதான் கூப்பிட்டாள்.

சனிக்கிழமை காலை தியோடர் கோந்து வாங்கக் கடைத்தெருவுக்குப் போனார். அவர் திரும்பித் தெருமுனையில் தெரிந்த பிறகுதான் பீடியை உள்ளே போட்டேன். கதவைச் சாத்திப் பூட்டினேன். அவர் ஓடி வந்தபோது உள்ளே கதவைத் தட்டும் சத்தம் இருந்தது.

"சாவி குடுப்பா, பொண்ணு உள்ள கீறாப்பா" என்று என் காலைக் கட்டிக்கொண்டார்.

கொடுக்காமல் இல்லை. கூரை இறங்கியதும் கொடுத்தேன்.

கிரேஸ்மேல் எனக்கு எந்தக் கோபமும் கிடையாது, ஐயா. அதை மட்டும் தெளிவாக எழுதிக்கொள்ளுங்கள்.