வெசிகோமியா

வெசிகோமியா என்றால் ஆழ்கடலில் வாழும் ஒரு சிப்பி இனம். புத்தகத்தில் படித்த அந்தப் பெயரை, அலோர் காஜா காப்பிக்கடையில் விற்ற செர்காம் கடற்கரைச் சேற்றுச் சிப்பிக்குச் சூட்டிப் பெருமையடித்த மடையன் நான்.

மூன்றாம் நாள் மலாக்கா பஸ்ஸில், எனக்கு முன்னிருக்கையில் தோட்டத்து ஆள் ஒருவரும் அவர் அக்காவும்.

"ஒம் பொண்டாட்டி நாறுதுன்னு சொன்னாளேடா, ஏன் திங்க வச்சே?"

"கடையில படிச்சவரு ஒருத்தரு வெசிகோமியான்னு பேரு சொன்னாருக்கா. ஆழ்கடல்ல கெடக்கறதாம். சுத்தமா இருக்கும்னு வாங்கிட்டுப் போனேன்."

"இப்ப ஆஸ்பத்திரியில கண்ணே தொறக்காம கெடக்கா."

"கைப்புள்ள பாலுக்கு அழுவுதுக்கா."

கையிலிருந்த புத்தகத்தை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டேன்.

ஆஸ்பத்திரி வாசலில் இறங்கும்போது அக்கா கேட்டாள்: "அந்தப் படிச்சவரு தின்னாராடா?"

"இல்லக்கா. காப்பி மட்டுந்தான் குடிச்சாரு."